மானதா வீட்டு அடுப்பு

எங்கள் ஷிமுல்டியில் சாவு விழுந்த வீட்டுக்குத்தான் ஆசிரமத்து நெருப்பு போகும்.

மாக மாதப் பௌர்ணமியில் மகோத்சவம். ஜலங்கி ஆற்றின் இரண்டு கரைகளிலிருந்தும் படகு படகாக ஜனம் வந்து இறங்கும். அத்தனை பேருக்கும் கிச்சடி பொங்குகிற முதல் அண்டாவுக்கு நெருப்பு வைப்பது ஆசிரமத்துத் தலைவரான கோசாய் இல்லை, சமையல்காரனும் இல்லை. அந்த வருஷம் ஊரில் கடைசியாக எந்த வீட்டில் பிணம் எடுத்தார்களோ, அந்த வீட்டு ஆள்தான் வைக்க வேண்டும். வைத்தபின் எரிகிற அடுப்பிலிருந்து ஒரு பிடி தணலை உமிச்சட்டியில் அள்ளிக்கொண்டு வீட்டுக்குப் போய், அடுத்த மகோத்சவம் வரை அணையாமல் காப்பாற்ற வேண்டும். அப்புறம் அது அடுத்த துக்க வீட்டுக்குக் கைமாறும்; அந்த வருஷ அண்டாவை மூட்டுவதும் அதே நெருப்பில்தான்.

ஆசிரமத்தை உண்டாக்கிய பாபா வைத்த வழக்கம் இது. காலரா வந்து ஊரில் ஒரு அடுப்பும் எரியாமல் போன காலத்தில் அவர் ஆற்றோரமாக நடந்து வந்தாராம். புருஷனையும் பிள்ளைகளையும் அடுத்தடுத்துச் சுடுகாட்டுக்கு அனுப்பிவிட்டு ஆலமரத்தடியில் உட்கார்ந்திருந்த ஒருத்தியைப் பார்த்து, கல்லைக் கூட்டி வைத்து, "எரிச்ச கைதான் சமைக்கவும் வேணும். மூட்டு, அம்மா" என்றாராம். அவள் மூட்டினாள். மிச்சமிருந்தவர்கள் தின்றார்கள். ஊர் மிஞ்சியது. நாங்கள் எல்லோரும் அந்தச் சோற்றின் வம்சம்.

நான் நெசவுக்காரன். என் மனைவி சாருபாலா செத்த வருஷம் மூட்டுகிற முறை எனக்கு வந்தது. மூட்டுகிறவர் செத்தவர் பெயரை ஒரு தடவை உரக்கச் சொல்ல வேண்டும். கூட்டம் "ஹரி போல்", அதாவது ஹரி பேரைச் சொல், என்று பதில் கொடுக்கும். பாடை தூக்கும்போதும் அதே சொல்தான், பஜனையிலும் அதே சொல்தான். சுடுகாட்டில் நாலு பேர் சொன்னபோது எனக்கு ஒன்றும் ஆகவில்லை. அண்டாவின் முன்னால் நின்று நான் அவள் பெயரைச் சொன்னதும், ஆற்றங்கரை முழுக்க நின்ற ஜனம் ஒரே வாயாக "ஹரி போல்" என்றது. ஆசிரமத்துக் குளத்துத் தண்ணீர் நடுங்கியதை நான் கண்ணால் பார்த்தேன். காலடி மண்ணும் நடுங்கியது. மூலையில் உட்கார்ந்து தறிக்குத் தார் நூல் சுற்றிக்கொண்டு, வாய்க்குள்ளேயே பாடிக்கொண்டு, பக்கத்துத் தெருவுக்குக்கூடத் தெரியாமல் வாழ்ந்து போனவள் அவள். அவள் பெயருக்கு அத்தனை பெரிய பதில். அதை வாங்கிக்கொள்ள ஒரு மனுஷ நெஞ்சு போதாது.

அதன்பிறகு உமிச்சட்டி என் தறிக்குழியின் பக்கத்தில், சாருபாலா உட்காரும் மூலையில் இருந்தது. நெசவுக்கு நடுவே எழுந்து உமி போடுவேன், சாம்பலை விலக்கி ஊதிப் பார்ப்பேன். அவளிடம் சொல்ல வேண்டியதைச் சட்டியிடம் சொல்வேன். தறியில் பாவு நூல் அறுந்தால் சட்டியைத் திட்டுவேன். ஊரில் யாரும் சிரிக்கவில்லை. சட்டி இருக்கிற வீட்டுக்குள் தனிக்குரல் கேட்டால் எங்கள் ஊரில் யாரும் எட்டிப் பார்ப்பதில்லை.

அந்த வருஷம் ஷிமுல்டியில் யாரும் சாகவில்லை.

முதலில் அதைப் பெருமையாகத்தான் பேசிக்கொண்டோம். பௌஷ மாதம் பிறந்து, பேரீச்ச மரங்களில் கள்ளுப்பானை போலச் சாறுப்பானைகள் தொங்கத் தொடங்கிய பிறகுதான் ஒருவர் முகத்தை ஒருவர் பார்த்தோம். ஆசிரமத்துத் தோட்டத்தில் பூசணிகளைக் குவித்துக்கொண்டிருந்த ஒரு மத்தியானம் கேதார் பேச்சை எடுத்தான். கேதார் தலைமைச் சமையல்காரன். அவன் வயிறு அண்டாவைவிடக் கொஞ்சம்தான் சின்னது.

"பூபனோட அப்பாவைத்தான் நம்பிக்கிட்டிருந்தோம்" என்றான். "கார்த்திகையில இழுத்துக்கிட்டுக் கெடந்தாரு. சுத்தி நின்னு துளசித்தண்ணி ஊத்துனோம். கண்ணைத் தொறந்து, இதுல சக்கரை போடலையாடான்னு கேக்கறாரு."

"வாயைக் கழுவு" என்றார் கோசாய். அவருக்குக் குளிர்காலம் முழுக்கச் சளி. கழுத்துத் துண்டைக் காதுவரை சுற்றியிருப்பார். "ஊர்ல சாவு இல்லைன்னா சந்தோஷப்படணும்."

"எனக்கென்ன வருத்தமா கோசாய்? அண்டாவுக்கு யாரு நெருப்பு வெக்கிறதுன்னு மட்டும் சொல்லிடுங்க. நான் பாட்டுக்குப் பூசணிக்காயை நறுக்கறேன்."

 பூசணி குவித்த கைகள் எல்லாம் நின்றுவிட்டன. எல்லோர் மனசிலும் இருந்தது ஒரே வீடுதான். அந்த வீட்டின் பெயரை யாரும் சொல்லவில்லை. சொல்லாமலே எல்லோரும் என்னைப் பார்த்தார்கள், ஏனென்றால் சட்டி என்னிடம் இருந்தது.

மானதாவின் வீடு படித்துறைக்குப் பக்கத்தில். பொரி வறுத்து விற்கிறவள். சிறு வயதிலேயே வெள்ளைப் புடவை. ஒரே மகன் சஷ்டி, சஷ்டி தேவிக்கு நேர்ந்து பிறந்தவன், படகுக்காரன். அக்கம்பக்கத்து ஊர்களில் அவன் படகில் ஆறு கடக்காதவர்கள் குறைவு. மத்தியானம் சோறு ஆனதும் மானதா படித்துறையில் வந்து நின்று கூப்பிடுவாள். "சஷ்டீ... ஓ..." என்று அவள் இழுக்கிற இழுப்பு, அக்கரையில் சணல் ஊறப்போடுகிறவர்களுக்கும் கேட்கும். "தோ வந்தேன்" என்று தண்ணீர்மேல் பதில் வரும். அதைக் கேட்டுத்தான் எங்கள் தெருவில் தறியை நிறுத்திவிட்டுச் சாப்பிடப் போவோம்.

அந்த வருஷம் கார்த்திகைக்கு முந்தின ஆசுவின மாதத்தில் சஷ்டி சணல் கட்டு ஏற்றிக்கொண்டு ஸ்வரூப்கஞ்ச் போனான். அன்றைக்குப் புயல். ஜலங்கி கங்கையில் சேருகிற இடத்துக்கும் கீழே, நாணல் காட்டில் படகு கவிழ்ந்து கிடைத்தது. அவன் துண்டு கிடைத்தது. அவன் கிடைக்கவில்லை. படகுக்காரர்கள் வலை போட்டார்கள், கரையோரமாக நடந்தார்கள், பருந்து சுற்றுகிற இடமெல்லாம் போய்ப் பார்த்தார்கள். உடம்பு கிடைக்காவிட்டால் தர்ப்பையில் பொம்மை செய்து எரிக்கலாம், அதுவும் காரியம்தான் என்று புரோகிதர் பட்டாசார்ஜி பொம்மையைக் கையோடு கட்டிக்கொண்டே வந்துவிட்டார். மானதா அதை வாங்கி, திருப்பித் திருப்பிப் பார்த்து, "காது அவனுக்கு இப்படி இருக்காது" என்று திருப்பிக் கொடுத்துவிட்டாள்.

அன்றிலிருந்து அவள் படித்துறையில் கூப்பிடவில்லை.

அந்தப் பூசணிப் பேச்சுக்குப் பிறகு நான் போனபோது மானதா வறுத்துக்கொண்டிருந்தாள். பொரிச்சட்டியில் கறுப்பு மணல் காய்ந்துகொண்டிருந்தது. கைப்பிடி அரிசியைப் போட்டு ஈர்க்குக் கட்டால் ஒரு சுழற்று சுழற்றினால், மழை ஓட்டில் விழுகிற சத்தத்தோடு வெள்ளை வெளேரென்று பூத்து வரும். எத்தனை வருஷம் பார்த்தாலும் அது எனக்கு அதிசயம்தான். முற்றத்தில் மருமகள் சுபாலா, பழைய புடவையை விரித்து உளுந்து வடகம் கிள்ளி வைத்துக்கொண்டிருந்தாள். வகிட்டில் குங்குமம் இருந்தது. கையில் சுமங்கலியின் சங்கு வளையல் இருந்தது.

"வா நிவாரண்" என்றாள் மானதா, திரும்பாமலே. "சட்டியைத் தூக்கிட்டு வரலை போலிருக்கே."

"கேக்காம எப்படித் தூக்கிட்டு வர்றது அக்கா."

"ஓ, கேக்க வந்தியா. உக்காரு. பொரியைத் தின்னுட்டுக் கேளு. வெறும் வயித்தோட கேட்டா எனக்குக் கோவம் வரும்."

சுபாலா கிண்ணத்தில் சூடான பொரி போட்டு, கடுகெண்ணெய் விட்டு, பச்சை மிளகாயும் தேங்காய்ச் சில்லும் வைத்துக் கொண்டுவந்தாள். நான் வாயில் போட்டு மெல்ல ஆரம்பித்தேன். மென்றுகொண்டே இருந்தேன்.

"கோசாய் அனுப்பினாரா?"

"ஆமா."

"அவரே வந்திருக்கலாமே."

"அவருக்குச் சளி."

"சளி இல்லை, பயம்." ஈர்க்குக் கட்டைத் தட்டி மணலை உதறினாள். "இங்க பாரு. மூட்டறதுக்கு எனக்கு வெக்கமும் இல்லை, பயமும் இல்லை. ஒரு தடவை மூட்டினவதான். சஷ்டியோட அப்பாவுக்கு. அப்ப இவன் என் இடுப்புல. நான் பேரைச் சொல்றேன், ஜனம் ஹரி போல்ங்குது, இவன் பயந்துபோய் என் மேலயே ஒண்ணுக்குப் போயிட்டான். அந்த வருஷம் பூரா சட்டியைக் காப்பாத்தினேன். உனக்காவது தறி. எனக்குக் கைக்குழந்தை."

"தெரியும் அக்கா."

"பாபா என்ன சொன்னாரு, சொல்லு."

"எரிச்ச கைதான் சமைக்கணும்னு."

அவள் இரண்டு கைகளையும் என் முகத்துக்கு நேரே நீட்டினாள். கரி ஏறி, மணல் சுட்ட தழும்புகளோடு இருந்தன.

"இந்தக் கை யாரை எரிச்சுது? பேரைச் சொல்லு. எரிச்சிருந்தா இப்பவே கெளம்பறேன்."

நான் பொரியைப் பார்த்தேன்.

"ஆறு கொண்டுபோனா அது எரிச்ச மாதிரிதான்னு பட்டாசார்ஜி சொல்றாரு."

"ஆறு கொண்டுபோச்சுன்னா ஆத்தைக் கூப்பிட்டு மூட்டச் சொல்லு. நான் என்ன பண்ணினேன்?"

"வேற வீடு இல்லை அக்கா இந்த வருஷம். நெருப்பு வெக்காம அண்டா பொங்காது. சுத்துப்பட்டு ஜனம் எல்லாம் வந்து வெறும் இலையோட போகும். பாபா காலத்துலேர்ந்து அப்படி ஒரு நாள் நடந்ததில்லை."

"நடக்கக் கூடாதுதான்" என்றாள். அதில் கேலி இல்லை.  "அதுக்காக என் புள்ளையைக் கொல்லச் சொல்றியா? நான் மூட்டினா மறுநாள் இவ கையில இருக்கற வளையலை ஒடைக்கச் சொல்லுவீங்க. வகிட்டை அழிக்கச் சொல்லுவீங்க. நீ நெருப்புக்கு வந்தியா, சுத்தியலுக்கு வந்தியா?"

சுபாலா வடகம் கிள்ளுகிற கையை நிறுத்தவில்லை. ஆனால் அந்த வரிசை கோணிப்போனது.

நான் எழுந்தேன். வறுத்து முடித்த மானதா மணல் சட்டியை இறக்கி வைத்துவிட்டு, அடுப்பில் தணலைக் கூட்டி, சாம்பல் மூடி, மேலே ஒரு வறட்டியைச் சாய்த்து வைத்தாள். தூங்குகிற குழந்தைக்குப் போர்த்துகிற மாதிரி இருந்தது.

மூங்கில் படல் வரை சுபாலா வந்தாள்.

"விறகும் வறட்டியும் இருக்கறதெல்லாம் இதுக்கே போகுது சித்தப்பா" என்றாள் தணிந்த குரலில். "அம்மா அடுப்பை அணைய விடறதே இல்லை. நான் கோவத்துல ஏதாச்சும் சொன்னா, வர்றவன் பசியோட வருவான், அப்ப நீ உக்காந்து ஊதிக்கிட்டிருப்பியாங்கறாங்க."

"நீ என்னம்மா நெனைக்கறே?"

"காலையில குங்குமம் வெக்கும்போது பயமாயிருக்கு. இல்லாத ஆளுக்கு வெக்கறனோன்னு. வெக்காம விட்டா அதைவிடப் பயம், இருக்கற ஆளை நானே அனுப்பிட்டனோன்னு." படலைக் கயிற்றில் மாட்டினாள். "செத்துட்டாருன்னு நெனச்சாப் பாவம். வருவாருன்னு நெனச்சாத் தூக்கம் வரலை. நீங்க கொடுத்து வெச்சவங்க சித்தப்பா. உங்களுக்கு எதுன்னு தெரியும்."

கொடுத்து வைத்தவன் என்று சாருபாலா போனபிறகு என்னை யாரும் சொன்னதில்லை. வழியெல்லாம் அதை யோசித்துக்கொண்டு வந்தேன். உண்மைதான் என்று வீடு சேர்ந்தபோது பட்டது.

கோசாயிடம் நடந்ததைச் சொன்னேன். அவர் வெகுநேரம் இருமினார்.

"அவ சொன்னதுல தப்பு இருக்கா?" என்றார்.

"இல்லை."

"அப்ப அவளை மறுபடி யாரும் கேக்க வேண்டாம். நீ சட்டியைக் கொண்டு வா. பாபா ஏதாவது வழி விடுவாரு."

"வழி விடலைன்னா?" என்றான் கேதார்.

"விடலைன்னா நீ ஒரு நாளாவது பட்டினி கெட. உன் உடம்புக்கு நல்லது."

மகோத்சவத்துக்கு முதல்நாள் வழக்கம் போலவே எல்லா வேலையும் நடந்தது. ஆசிரமத்து மேட்டில், ஆற்றைப் பார்த்த பக்கம், ஆள் படுக்கிற நீளத்துக்குக் குழி குழியாக அடுப்பு வெட்டினோம். பெண்கள் அரிவாள்மணைகளோடு வட்டம் கட்டி உட்கார்ந்து முள்ளங்கி, கத்தரிக்காய், பூசணி என்று நறுக்கித் தள்ளினார்கள். மானதாவும் வந்து ஒரு மணை முன்னால் உட்கார்ந்து பூசணி வெட்டினாள். அவளிடம் யாரும் ஒன்றும் கேட்கவில்லை. அவளும் யாரையும் ஒன்றும் கேட்கவில்லை. பயறு வறுத்த மணம் ஆறு தாண்டிப் போனது. சாயங்காலமே படகுகள் வரத் தொடங்கிவிட்டன. கரைமணலில் ஜனம் தங்கள் தங்கள் கம்பளியை விரித்துப் படுத்தது. ஒவ்வொரு கூட்டத்திலிருந்தும் மிருதங்கமும் கைத்தாளமும் கேட்டன. இவ்வளவு பேருக்கும் காலையில் சோறு என்று நினைத்துக்கொண்டே, சட்டிக்கு உமி போட வீட்டுக்குப் போனேன்.

விடியற்காலையில் மழை வந்தது. மாக மாதத்தில் அப்படி மழை நாங்கள் பார்த்ததில்லை. மேற்கிலிருந்து காற்று சுருட்டிக்கொண்டு வந்து அடித்தது. அடுப்புக் குழிகளுக்கு மேல் தார்ப்பாய் கட்டுவதற்கு எல்லோரையும் கூப்பிட்டார்கள், நானும் ஓடினேன். கம்பு பிடித்து, கயிறு இழுத்து, அண்டாக்களைக் கவிழ்த்து, விறகு மேல் உட்கார்ந்தே காப்பாற்றினோம். கரையிலிருந்த ஜனம் ஓடவில்லை. ஓட இடமில்லை. கம்பளிகளைத் தலைக்கு மேல் பிடித்துக்கொண்டு அப்படியே நின்று பாடியது.

மழை விட்டதும் சட்டியை எடுத்துவர வீட்டுக்கு வந்தேன். கூரையின் ஒரு ஓரத்தைக் காற்று பிய்த்துக்கொண்டு போயிருந்தது. சாருபாலாவின் மூலைக்கு மேலே வானம் தெரிந்தது. சட்டி நிறைய மழைத்தண்ணீர். உமி மிதந்தது. கையை விட்டுப் பார்த்தேன். அடிவரை குளிர்ந்திருந்தது.

ஊரும் மகோத்சவமும் அப்போது நினைவுக்கு வரவில்லை. அவள் இரண்டாம் தடவை போய்விட்டாள் என்றுதான் நினைத்தேன். கொஞ்சநேரம் அந்தத் தண்ணீருக்குள் கையை வைத்துக்கொண்டே உட்கார்ந்திருந்தேன். பிறகு சட்டியைத் தூக்கிக்கொண்டு நடந்தேன்.

கோசாய் சட்டிக்குள் பார்த்தார். கேதார் பார்த்தான்.  பட்டாசார்ஜி கண்ணை மூடிக்கொண்டார்.

"பாபா ஏத்தி வெச்சது" என்றார் கோசாய் கடைசியில். "நம்ம காலத்துல அணைஞ்சுது."

"மழைக்கு யாரு என்ன பண்ண முடியும் கோசாய்?" என்றான் கேதார். இடுப்பிலிருந்து தீப்பெட்டியை எடுத்தான். அதையே பார்த்துக்கொண்டு நின்றான். மறுபடி இடுப்பில் செருகிக்கொண்டான். "பீடிக்கு வெச்சிருக்கறது. இதை வெச்சு எப்படி..."

மேட்டுக்குக் கீழே ஜனம் எழுந்து நின்று எங்களைப் பார்த்துக்கொண்டிருந்தது. புகை வரக் காத்திருக்கிற ஜனம். பனி இறங்கி ஆறு தெரியவில்லை. பனிக்குள்ளிருந்து மேலும் மேலும் படகுகள் வந்து தட்டுகிற சத்தம் மட்டும் கேட்டது.

"எங்க வீட்டுல நெருப்பு இருக்கு" என்று ஒரு குரல் கேட்டது.

சுபாலா. பந்திக்குப் பொரிக்கூடை கொண்டுவந்தவள், கூடையை இன்னும் தலையிலிருந்து இறக்கவில்லை.

"எல்லார் வீட்டுலயும்தான் இருக்கும்" என்றார் பட்டாசார்ஜி.

"இந்த மழைக்கு அப்புறம் யார் வீட்டுல இருக்குன்னு போய்ப் பாருங்க. எங்க வீட்டுல இருக்கு. அவரு போன அன்னைக்குச் சோறு வடிச்ச நெருப்பு. விடியக்காலம் கூரை ஒழுக ஒழுக, அம்மா அடுப்பு மேல முறத்தைப் பிடிச்சுக்கிட்டு நின்னாங்க. தான் நனைஞ்சாங்க, அதை நனைய விடலை."

கோசாய் என்னைப் பார்த்தார். நான் கிளம்பினேன். சுபாலாவும் கூட வந்தாள்.

மானதா ஈரப்புடவையோடு அடுப்பு முன்னால் குந்தியிருந்தாள். அடுப்பில் சின்னப் பானையில் உலை கொதித்துக்கொண்டிருந்தது.

"மறுபடி வந்துட்டியா" என்றாள்.

"நெருப்புக் கேக்க வந்தேன் அக்கா."

"நெருப்பு வேணுமா, நான் வேணுமா?"

"நெருப்புதான். சட்டி அணைஞ்சு போச்சு."

அவள் சட்டென்று என் முகத்தைப் பார்த்தாள். இத்தனை நேரத்தில் யாரும் அப்படிப் பார்க்கவில்லை.

"அணைஞ்சு போச்சா" என்றாள். "அய்யோ, சாரு."

என் மனைவியின் பெயரை வேறொரு வாய் சொல்லிக் கேட்டு வெகுநாளாகியிருந்தது. 

மானதா எழுந்தாள். உலைப்பானையை ஓரமாக நகர்த்தி, பொரி வறுக்கும் ஓட்டுச்சட்டியில் சாம்பலைப் பரப்பி, அதன்மேல் பெரிய தணல்களாகப் பார்த்து அள்ளி வைத்தாள். நான் கை நீட்டினேன்.

"தள்ளு. உனக்குப் பிடிக்கத் தெரியாது, சுட்டுக்குவே." புடவைத் தலைப்பைச் சுருட்டிக் கைக்கு வைத்துக்கொண்டு அவளே தூக்கினாள். "சுபாலா, இங்கயே உக்காரு. மிச்சத்தைப் பாத்துக்கோ. உலை கொதிச்சா அரிசி போடு."

"அக்கா, நீங்களே வந்தா ஜனம் என்ன நெனைக்கும்..."

"என்ன நெனைக்கும்? பக்கத்து வீட்டுல நெருப்புக் கேட்டா எடுத்துட்டுப் போய்க் குடுக்கறதில்லையா? அந்த மாதிரிதான். நட."

மேட்டுக்குப் போகிற வழியில் ஜனம் இரண்டாகப் பிளந்து வழிவிட்டது. ஓட்டுச்சட்டியிலிருந்து மெல்லிய புகை அவள் தோளைத் தாண்டிப் போனது. வழியெல்லாம் முணுமுணுப்பு. மானதா ஒத்துக்கிட்டா, பாவம், ஒத்துக்கிட்டா என்று யாரோ ஒருத்தி அழவே தொடங்கிவிட்டாள். மானதா நின்று அவளைப் பார்த்தாள்.

"எதுக்கு அழறே? ஒத்துக்கறதுக்கு என்ன இருக்கு இதுல? நெருப்புக் கேட்டாங்க, கொண்டு போறேன். வழியை விடு, ஆறிடும்."

கோசாய் அடுப்புக் குழியின் ஓரத்தில் நின்றிருந்தார்.

"இது என்ன நெருப்பு, அம்மா?" என்று கேட்டார்.

"சோத்து நெருப்பு."

"எப்பலேர்ந்து எரியுது?"

"அவன் சாப்பிடாம போனதுலேர்ந்து."

கோசாய் கழுத்துத் துண்டை அவிழ்த்தார். அந்தக் குளிரில், அந்த இருமலோடு, துண்டைக் கக்கத்தில் இடுக்கிக்கொண்டு ஓட்டுச்சட்டியைப் பார்த்துக் கும்பிட்டார். பட்டாசார்ஜி ஏதோ சொல்ல வாயெடுத்தார். கோசாய் அவர் பக்கம் திரும்பவில்லை.

"வை, அம்மா."

மானதா குழிக்குள் இறங்கிக் குந்தினாள். சணல் குச்சிகளைக் கட்டாக அடுக்கி, அடியில் தணலைச் சரித்து, மூங்கில் குழலால் ஊதினாள். மேலே மாமர விறகு. ஈரம் சீறியது. புகை அவள் முகத்தை மூடி, எங்கள் முகத்தை மூடி, மேட்டை மூடியது. கேதார் கண்ணைத் துடைத்துக்கொண்டு, "பத்திக்குமா?" என்றான் என்னிடம், குழந்தை கேட்கிற மாதிரி. அவள் ஊதிக்கொண்டே இருந்தாள். ஆயிரக்கணக்கான ஜனம் ஒரு பெண்ணின் மூச்சைக் கேட்டுக்கொண்டு நின்றது. அப்புறம் சணல் குச்சி படபடவென்று வெடித்தது. தீ ஒரே எழும்பலாக எழும்பி அண்டாவின் அடியை நக்கியது. அத்தனை நேரம் கறுப்பாக இருந்த அண்டா பொன்னாகிவிட்டது.

அவள் மேலே ஏறி வந்தாள். முகத்தை ஈரத் தலைப்பால் துடைத்தாள். கரி இன்னும் பரவியதே தவிரப் போகவில்லை.

எல்லோரும் காத்திருந்தோம். பெயர் சொல்ல வேண்டிய நேரம் அது. யாரும் அவளிடம் அதைக் கேட்கவில்லை. ஆனால் கூட்டம் முழுக்க மூச்சை இழுத்துக்கொண்டது எனக்குக் கேட்டது. "ஹரி போல்" சொல்வதற்காக இழுத்த மூச்சு. அது தானாக வருவது. ஒவ்வொரு வருஷமும் தீ எழும்பியதும் நெஞ்சு நிரம்பிக்கொள்ளும். அவள் வாயிலிருந்து பெயர் வந்ததும் அது வெடிக்கும். வெடித்தால் சஷ்டி செத்தவன்தான். பிறகு யாராலும் அதைத் திரும்ப எடுக்க முடியாது. அவளுக்கும் அது தெரியும்.

மானதா அண்டாவுக்கு முதுகைக் காட்டித் திரும்பினாள். ஆற்றைப் பார்த்தாள். பனி அப்போதுதான் தண்ணீரை விட்டு எழும்பிக்கொண்டிருந்தது. ஒரு கையை வாயோரம் வைத்துக்கொண்டாள்.

"சஷ்டீ... ஓ..."

ஆசுவினத்துக்குப் பிறகு நாங்கள் கேட்காத குரல். சாவு சொல்கிற குரல் இல்லை அது. மத்தியானக் குரல், படித்துறைக் குரல். எனக்குக் கால் தானாகத் தறிக்குழியிலிருந்து எழுவதுபோல் அசைந்தது.

"சஷ்டீ... சோறு ஆவுதுடா... வா..."

குரல் தண்ணீர்மேல் ஓடி அக்கரையில் மோதியது. நான் கண்ணை மூடிக்கொண்டேன். வெடிக்கட்டும் என்று காத்திருந்தேன்.

வெடிக்கவில்லை.

கண்ணைத் திறந்தேன். யாரும் வாயைத் திறக்கவில்லை. இழுத்த மூச்சை அத்தனை ஜனமும் அப்படியே நெஞ்சுக்குள் வைத்துக்கொண்டு நின்றது. தாளம் வைத்திருந்தவர்கள் தாளத்தைக் கையால் பொத்திக்கொண்டார்கள். அடுப்பில் விறகு பேசியது. வேறு சத்தமே இல்லை. போன வருஷம் குளத்தை நடுங்க வைத்த ஓசையைவிட இது பெரிதாக இருந்தது.

முதலில் படகுக்காரர்கள் திரும்பினார்கள். பிறகு மணலில் நின்றவர்கள். அப்புறம் மேட்டின் சரிவு, ஆலமரத்தடி, தோட்டத்து வேலி என்று தலைகள் காற்றில் நெற்கதிர் சாய்வதுபோல வரிசை வரிசையாகத் திரும்பின. அதில் பாதிப் பேர் முன்பு சஷ்டி துடுப்புப் போட்ட படகில் ஆறு கடந்தவர்கள். பட்டாசார்ஜி திரும்பினார். கேதார் கரண்டியோடு திரும்பினான். கோசாய் துண்டைக் கக்கத்தில் வைத்தபடியே திரும்பினார். கைக்குழந்தைகளைக்கூடத் தூக்கித் தோளில் வைத்துத் திருப்பினார்கள். கரை முழுக்க ஒருவர் பாக்கியில்லாமல் எல்லோரும் ஆற்றைப் பார்த்துக்கொண்டு, பதிலுக்குக் காத்துக்கொண்டு நின்றார்கள்.

பனி விலகிக்கொண்டே போனது. மணல்திட்டு தெரிந்தது. அதற்கு அப்பால் தண்ணீர் தெரிந்தது.

நானும் பார்த்தேன். அந்தக் கரையில் என் கையாலேயே எரித்த சாருபாலா வருகிறாளா என்று நானும் பார்த்தேன்.